ஒரு சாக்குப் புல்

சாக்கின் வாயை அவிழ்த்ததும் சூடு முகத்தில் அடித்தது. வெயிலில் கிடந்ததுதானே என்று கம்பிவேலிக்கு மேலே தூக்கிக் கவிழ்த்தார். புல் ஒரே கட்டியாக விழுந்தது. குதிரை காதை விடைத்துக்கொண்டு வந்தது.

"தின்னுடா ராஜா. பல்லுக்கு வேலையே வைக்கல, பொடிப்பொடியா நறுக்கியாச்சு."

ஆஸ்பத்திரிப் புல்வெளியை வெட்டுவது இருபத்திரண்டு வருடமாக அவர் வேலை. வெட்டியதைக் குப்பையில் கொட்ட அவருக்கு மனசு வராது. சின்ன வயதில் வீட்டில் பசு இருந்தது. எந்தப் புல்லைப் போட்டாலும் தின்றுவிட்டு அசைபோட்டபடி படுத்திருக்கும். குதிரைக்கு மட்டும் என்ன வந்தது? இது வெள்ளிக்கிழமை வெட்டியது. சனி, ஞாயிறு இரண்டு நாளும் சாக்குக்குள் இறுகிக் கிடந்தது.

வேலிக்கு அந்தப் பக்கம் லாயம். தங்கை புருஷன் அந்த ஒற்றைக் குதிரையை வைத்துப் பிள்ளைகளுக்குச் சவாரி சொல்லிக்கொடுத்தார். குதிரை வந்த புதிதில் ஒருநாள் சொல்லியிருந்தார்:

"என்னைக் கேக்காம எதையும் போட்டுடாதீங்க மச்சான். அதுக்கு ரொம்ப நோஞ்சான் வயிறு."

"உங்க வயித்தவிடவா மாப்பிள்ளை?"

அன்று இருவரும் சிரித்தார்கள்.

பதினொரு மணிக்குக் குதிரை தரையில் புரண்டது. எழுந்து வயிற்றை உதைத்துக்கொண்டது, மறுபடி புரண்டது. கால்நடை டாக்டரம்மா வந்து வயிற்றில் காது வைத்துக் கேட்டார்.

"புதுசா ஏதாவது தின்னுச்சா?"

"இல்லம்மா, வழக்கமான வைக்கோல்தான்," என்றார் தங்கை புருஷன்.

வேலியோரம் ஒரு புல் துணுக்குகூட மிச்சமில்லை. இவர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு பக்கத்திலேயே நின்றார். சாதாரண வயிற்றுவலிதான் என்று டாக்டரம்மா ஊசி போட்டுவிட்டு, அடுத்த வீட்டு மாட்டைப் பார்க்கப் போனார்.

சாக்குப் புல்லைப் போட்டதை இவர் இரண்டு மணிக்குத்தான் சொன்னார். அதற்குள் குதிரையின் வயிறு தம்பட்டம்போல் விறைத்திருந்தது. டாக்டரம்மா ஓடிவந்தார்.

"புளிச்ச புல்லா? அது உள்ள போய் இன்னும் பொங்குங்க. குதிரைக்கு வாந்தி எடுக்கவும் வராது. காலைலயே சொல்லியிருந்தா அப்பவே மூக்கு வழியா குழாய் விட்டு வெளிய எடுத்திருப்பேன்."

இப்போது குழாய் விட்டார். நான்கு மணிக்குக் குதிரை செத்தது.

தங்கை புருஷன் அதன் தலைக்கயிற்றை அவிழ்த்தார். முடிச்சு இறுகியிருந்தது, வெகுநேரம் பிடித்தது. பிறகு நிமிராமலே கேட்டார்:

"ஏன் போட்டீங்கன்னு நான் கேக்க மாட்டேன் மச்சான். தெரியாமப் போட்டீங்க. டாக்டர் கேட்டப்ப ஏன் சொல்லல?"

திட்டுவீர்கள் என்று பயந்தேன் என்று சொல்ல வந்தார். ஐம்பத்தாறு வயது ஆளின் வாயிலிருந்து அது வரவில்லை.

மறுநாள் ஒன்பது மணிக்கு லாரி வந்தது. நான்கு பேர் பலகையைச் சரிவாகப் போட்டுக் குதிரையை இழுத்து ஏற்றினார்கள். இவரும் ஒரு கை கொடுத்தார், யாரும் வேண்டாம் என்று சொல்லவில்லை. மதியம் அவசரப் பிரிவுக்கு எதிரே இருந்த புல்லை வெட்டினார். சாயங்காலம் சவாரிக்கு மூன்று பிள்ளைகள் வந்தார்கள். தங்கை வாசலிலேயே நின்று அவர்களைத் திருப்பி அனுப்பினாள்.