பன்னிரண்டு நாள் சாரின் நான்காம் அத்தியாயம்

எங்கள் தெருவில் என் அப்பாவுக்குப் 'பன்னிரண்டு நாள் சார்' என்று பெயர். அவர் எழுதும் புத்தகங்கள் அப்படி. 'பன்னிரண்டு நாட்களில் நினைவாற்றல்', 'பன்னிரண்டு நாட்களில் அச்சமில்லாமல் பேசலாம்', 'பன்னிரண்டு நாட்களில் ஆழ்ந்த உறக்கம்'. நாளுக்கு ஓர் அத்தியாயம், கடைசியில் ஒரு வெற்றுப் பக்கம், வாசகர் தன் வெற்றியைக் குறித்துக்கொள்ள.

நினைவாற்றல் புத்தகம் எழுதி முடித்த அன்று, என்னை உள்ளே வைத்துப் பூட்டிக்கொண்டு அச்சகத்துக்குப் போய்விட்டார். அச்சமில்லாமல் பேசலாம் எழுதியவர், மீட்டர் பார்க்க ஆள் வந்தால் குளியலறைக்குள் போய்த் தாழ் போட்டுக்கொள்வார். பேசுவது நான். தூக்கத்தைப் பற்றிச் சொல்லவே வேண்டாம்.

இது ஒரு பக்கம். இன்னொரு பக்கம் நாவல். மாதம் ஒன்று. அட்டையில் ஒரு பெண், அவள் தலைக்குப் பின்னால் ஒரு துப்பாக்கி. உள்ளே தேடிப் பார்த்தால் துப்பாக்கி இருக்காது, மாமியார்தான் வெடித்துக்கொண்டிருப்பாள். குடும்பக் கதைக்குப் பெண் பெயர் இருந்தால்தான் எடுபடும் என்று பதிப்பாளர் சொன்னார். அப்பா யோசிக்கவே இல்லை. அக்காவின் பெயரைப் போட்டுவிட்டார். அக்காவுக்கு அப்போது பன்னிரண்டு வயது. முதல் புத்தகத்தைப் பள்ளிக்கூடம் முழுக்கக் காட்டினாள். மூன்றாவது புத்தகத்தில் கதாநாயகியின் கணவன் இன்னொரு வீடு வைத்திருந்தான். அதற்குப் பிறகு அவள் எதையும் காட்டவில்லை.

அப்பா எல்லாவற்றையும் ஒரே நோட்டில்தான் எழுதுவார். நோட்டின் முன்பக்கத்திலிருந்து அறிவுரை. அதையே தலைகீழாகத் திருப்பிப் பின்பக்கத்திலிருந்து நாவல். கை அலுத்தால் நோட்டைத் திருப்புவார், மனசு அலுத்தாலும் திருப்புவார். இரண்டும் நடுவில் வந்து முட்டும்போது புத்தகங்கள் தயார். "ஒரே அடுப்புல ரெண்டு குழம்பு" என்று பெருமையாகச் சொல்வார். குழம்பு கலந்துவிடாதா என்று அப்போது யாரும் கேட்கவில்லை. கேட்டிருக்கக்கூடிய அம்மா, நான் மூன்றாம் வகுப்பில் இருக்கும்போதே காய்ச்சலில் போய்விட்டாள்.

குழம்பு கலந்தது இப்படித்தான். அக்கா பொதுத்தேர்வில் இரண்டு முறை தோற்றாள். இரண்டாவது முறை குளியலறைக்குள் போய், அழுகிற சத்தம் வெளியே கேட்காமலிருக்கக் குழாயைத் திறந்துவிட்டு அழுதாள். தொட்டி நிரம்பி, வழிந்து, தண்ணீர் நடைவரை வந்தது. அப்பா கதவைத் தட்டவில்லை. தட்டத் தெரியவில்லை என்றுதான் இப்போது நினைக்கிறேன். துணியை எடுத்து நடையைத் துடைத்தார், மேசைக்குப் போனார், நோட்டைத் திருப்பி அந்தக் காட்சியை நாவலில் ஒரு கதாநாயகிக்கு எழுதினார்.

அதோடு விட்டிருக்கலாம். அந்த மாதம் முன்பக்கத்தில் ஓடிக்கொண்டிருந்தது 'பன்னிரண்டு நாட்களில் பிள்ளைகளைப் புரிந்துகொள்ளலாம்'. நான்காம் அத்தியாயத்துக்கு ஓர் உதாரணம் குறைந்தது. நோட்டைத் திருப்பினார். நாவலில் அந்தக் காட்சி தயாராக இருந்தது. அப்படியே எடுத்து முன்பக்கம் வைத்தார். 'எனக்குத் தெரிந்த ஒரு பெண், இரண்டு முறை தேர்வில் தோற்றவள்' என்று ஆரம்பித்து, குழாய், தொட்டி, நடை, எல்லாம். கடைசியில், 'இப்படிப்பட்ட பிள்ளைகள் கோழைகளாகவே வளர்கிறார்கள்.' பின்னட்டையில் அப்பாவின் படம், எங்கள் முகவரி.

புத்தகம் வந்த வாரமே அவள் வகுப்புத் தோழிகள் தண்ணீர்க் குழாயைப் பார்த்தால் சிரிக்க ஆரம்பித்தார்கள்.

"கதையிலேர்ந்துதானம்மா எடுத்தேன்" என்றார் அப்பா. அவர் பொய் சொல்லவில்லை. அவருக்கு அது கதையாகிவிட்டிருந்தது. அக்காவுக்கு அது இன்னும் குளியலறையாகவே இருந்தது.

பத்தொன்பது வயதில் அவள் போய்விட்டாள். ஊரின் மறுகோடியில் ஒரு மருந்துக் கடையில் வேலை, ஒரு பெண்கள் விடுதியில் அறை. நான் மட்டும் ரகசியமாகப் போய்ப் பார்ப்பேன். அப்பாவிடம் சொல்லக் கூடாது என்று சத்தியம் வாங்கியிருந்தாள். நாவல்கள் அவள் பெயரிலேயே மாதம் தவறாமல் வந்துகொண்டிருந்தன. அவள் போன பிறகு வந்த ஒவ்வொரு நாவலிலும், கடைசி அத்தியாயத்தில் ஒரு மகள் வீட்டுக்குத் திரும்பி வந்தாள். வாசகிகளுக்கு அது மிகவும் பிடித்தது.

இனி என் திருட்டுத்தனம். பள்ளிக்கூடமும் நானும் ஒன்பதாம் வகுப்போடு பிரிந்துகொண்டோம், தப்பு யார்மேல் என்று இரண்டு தரப்பும் சொல்வதில்லை. வீட்டில் எனக்கு வேலை, அப்பாவுக்கு வரும் வாசகர் கடிதங்களைப் பிரித்து அடுக்குவது. எல்லாக் கடிதத்துக்கும் அப்பா பதில் போடுவார், ஒன்று, இரண்டு, மூன்று என்று எண் போட்டு. கடிதம் வராத வாரங்களில் வாசல் பக்கமே பார்த்துக்கொண்டிருப்பார். பார்க்கச் சகிக்காமல் நானே எழுத ஆரம்பித்தேன். இடது கையால் எழுதினால் என் கையெழுத்து எனக்கே தெரியாது. 'ஐயா, தங்கள் உறக்கம் நூலைத் தலைக்கு வைத்துப் படுத்தேன். உயரம் சரியாக இருந்தது.' அப்பா அதற்கும் ஐந்து எண் போட்டுப் பதில் எழுதினார். பதில்கள் போய்ச் சேரும் முகவரி, அடுத்த தெரு லாண்டரி கடை. கடைக்காரர் எனக்குக் கூட்டாளி.

ஒரு நாள் கொஞ்சம் மாற்றி எழுதினேன். 'நான் வீட்டை விட்டு வந்து மூன்று வருடம் ஆகிறது. அப்பாமேல் கோபம் போகவில்லை. குழாயைத் திறந்துவிட்டு அழுகிற பழக்கமும் போகவில்லை. திரும்பிப் போகலாமா?' இதற்கு எத்தனை எண் போடுகிறார் பார்ப்போம் என்றுதான் நினைத்தேன். அப்படித்தான் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

அப்பா அந்தக் கடிதத்தை நின்றுகொண்டே படித்தார். எண் போடவில்லை. பதிலே எழுதவில்லை. முகம் மழித்தார். பின்னட்டைப் படத்தில் போட்டிருக்கும் வெள்ளைச் சட்டையை எடுத்துப் போட்டுக்கொண்டார். காலர் இப்போது கழுத்துக்குப் பெரிதாக இருந்தது.

"எங்கப்பா கிளம்பிட்ட?"

"ஒரு வாசகரைப் பாக்கணும்."

லாண்டரி கடை வாசலில் பெஞ்சு ஒன்று உண்டு. அதில் போய் உட்கார்ந்தார். எதிர்க் கடைத் தூணுக்குப் பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

"என்ன சார், துணி போட வந்தீங்களா, வாங்க வந்தீங்களா?"

"ரெண்டும் இல்ல. இந்த முகவரிக்கு ஒரு பொண்ணு கடுதாசி வாங்க வருமா..."

கடைக்காரர் கடைக்கு வெளியே என்னைத்தான் தேடினார். நான் குனிந்துகொண்டேன். "வரும் சார், வரும். உக்காருங்க" என்று அவர் பாட்டுக்குச் சொல்லிவிட்டார்.

மூன்று நாள் சாயங்காலம் அப்பா அங்கே உட்கார்ந்தார். எந்தப் பெண் துணிப்பையோடு வந்தாலும் பாதி எழுந்து, மறுபடி உட்கார்ந்தார்.

மூன்றாம் நாள் நான் மருந்துக் கடைக்கு ஓடினேன். அக்கா மாத்திரை அட்டைகளைக் கத்தரித்துக்கொண்டிருந்தாள். எல்லாவற்றையும் சொன்னேன்.

"ஒரே ஒரு தடவை வந்து நில்லுக்கா. பேசக்கூட வேணாம். சண்டை போடறதுன்னாலும் போடு."

"விளையாட்டுக்கு ஒரு அளவு இல்லியாடி உனக்கு? கழுதை வயசாச்சு."

"திட்டு. ஆனா வா."

"அவரு எனக்காக உக்காந்திருக்கல. கடைசி அத்தியாயத்துக்காக உக்காந்திருக்காரு. நான் போனா அடுத்த மாசம் அதையும் எழுதுவாரு. லாண்டரி கடை, பெஞ்சு, எல்லாம் வரும்."

ஒரு வாடிக்கையாளர் வந்தார். இருமல் மருந்து எடுத்துக் கொடுத்துவிட்டுத் திரும்பினாள்.

"இங்க பில்லுல என் பேரைப் பாத்துட்டு, 'அந்த நாவல் எழுதுற அம்மாவா நீங்க'ன்னு கேக்குறாங்கடி. இல்லன்னு சொல்லிச் சொல்லி எனக்கே சந்தேகமா இருக்கு. முதல்ல என் பேரைத் திருப்பித் தரச் சொல்லு. அப்புறம் அந்த நாலாவது அத்தியாயம். அது இருக்கிற வரைக்கும் நான் எந்த வீட்டுக்கும் வர முடியாது."

நான்காம் நாள் பெஞ்சில் அப்பாவுக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன்.

"அப்பா, அந்தக் கடுதாசி நான் எழுதினது."

என்னைப் பார்க்காமல் தெருவைப் பார்த்தார்.

"கையெழுத்து?"

"இடது கை."

"நல்லா எழுதியிருக்க" என்றார். "அந்தக் குழாய் வரி... அதைச் சரியான எடத்துல வெச்சிருக்க."

கன்னத்தில் ஒன்று விட்டிருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும். அக்கா இருக்கும் இடம் தெரியும் என்றேன், எங்கே என்று சொல்ல மாட்டேன் என்றேன், அவள் கேட்ட இரண்டையும் சொன்னேன். எங்கே என்று அவர் கேட்கவில்லை. சட்டையின் மேல் பொத்தானைக் கழற்றிக்கொண்டு எழுந்தார்.

பெயர் சுலபமாகத்தான் போயிற்று. பதிப்பாளர் கத்தினார், அப்பா பதில் பேசாமல் நின்றே ஜெயித்தார். அடுத்த மாத நாவல் அப்பாவின் பெயரில் வந்தது. 'அந்த அம்மாவுக்கு உடம்பு சரியில்லையா? இப்போது எழுதுகிறவருக்குப் பெண் மனசே தெரியவில்லை' என்று நிஜமாகவே ஒன்பது கடிதங்கள் வந்தன.

அத்தியாயம்தான் கஷ்டம். ஆயிரத்து இருநூறு பிரதி அடித்திருந்தார்கள். அப்பா தோள்பையில் ஒரு பிளேடை வைத்துக்கொண்டு கிளம்பினார். பழைய புத்தகக் கடைகள், பேருந்து நிலையக் கடைகள், கையெழுத்துப் போட்டுக் கொடுத்த நண்பர்களின் வீடுகள். "ஒரு திருத்தம் இருக்கு" என்று வாங்கி, நான்காம் அத்தியாயத்தை நறுக்கிக்கொண்டு திருப்பிக் கொடுப்பார். கூட நான் போவேன். மூன்றாம் அத்தியாயத்திலிருந்து நேராக ஐந்துக்குப் போகும் பதினொரு நாள் புத்தகங்கள் ஊரில் முளைக்க ஆரம்பித்தன.

பொது நூலகத்தில் மாட்டிக்கொண்டார். அலமாரிக்குப் பின்னால் கடைசித் தாளை நறுக்கியபோது நூலகர் அம்மா வந்துவிட்டார்.

"என்ன சார் பண்றீங்க? பாத்தா படிச்சவரு மாதிரி இருக்கீங்க. பத்துப் பேர் படிக்கிற புத்தகம். எழுதினவருக்கு மனசு எப்படி இருக்கும்னு யோசிச்சீங்களா?"

புத்தகம் அந்த அம்மா கையில் கவிழ்ந்திருந்தது. பின்னட்டையில் வெள்ளைச் சட்டையோடு அப்பா. நேரில் கறுத்து, மெலிந்து, பிளேடோடு அப்பா. நான் வாயைத் திறந்தேன். அப்பா என் கையைப் பிடித்து அழுத்தினார்.

"தப்புதாம்மா" என்றார். "யோசிக்கல."

அவர் பெயரைக் கேட்டு எழுதிக்கொண்டார்கள். அச்சமில்லாமல் பேசலாம் எழுதியவர் ஏதோ ஒரு பெயரைச் சொன்னார். இனி உள்ளே வரக் கூடாது என்றார்கள். நறுக்கிய தாள்களை அவர்கள் ஒட்டுவதற்கு வாங்கிக்கொள்ளும் முன் நான் அவற்றை எடுத்து இடுப்பில் செருகியிருந்தேன். அதோடு முப்பத்தாறு பிரதி.

அக்காவிடம் போய்ச் சொன்னேன். சிரிப்பாள் என்று நூலகர் அம்மாவைப் போலப் பேசிக்கூடக் காட்டினேன். சிரிக்கவில்லை.

"எத்தனை?"

"முப்பத்தாறு."

கத்தரியைக் கீழே வைத்தாள். பின்னால் போய், கைப்பையிலிருந்து ஒரு புத்தகத்தை எடுத்துவந்து, மருந்து போடும் காகித உறைக்குள் வைத்துக் கொடுத்தாள்.

"இதையும் சேத்துக்கச் சொல்லு."

"நீ வரலியா?"

"மாத்திரை எண்ணிட்டு இருக்கேன்ல. போ."

அப்பா மேசையில் உறையைப் பிரித்தார். முதல் பக்கத்தில் அவர் கையெழுத்து, 'என் மூத்த மகளுக்கு'. பிளேடை எடுத்துக்கொண்டு நான்காம் அத்தியாயத்தைத் திறந்தார். மற்றப் பக்கங்கள் எல்லாம் புதுசு போல் இருந்தன. அந்த ஏழு பக்கங்கள் மட்டும் நனைந்து காய்ந்து, அலை அலையாக உப்பி, ஒன்றோடொன்று ஒட்டியிருந்தன. ஓடுகிற தண்ணீருக்குப் பக்கத்தில் வைத்துப் படித்த பக்கங்கள்.

அப்பா நறுக்கவில்லை. அந்தப் பக்கங்களை விரலால் நீவிப் பார்த்தார், நேராகவில்லை. நோட்டு பக்கத்திலேயே கிடந்தது. அதை எந்தப் பக்கமும் திருப்பவில்லை. எழுந்து குளியலறைக்குள் போனார். தாழ் போடும் சத்தம் கேட்டது. பிறகு குழாய் திறக்கும் சத்தம்.

தொட்டி நிரம்பியது. தண்ணீர் கதவுக்கு அடியில் வழிந்து நடைக்கு வந்தது. அப்பாவைப் போல நானும் துணியை எடுத்தேன். பிறகு அதைப் போட்டுவிட்டு, போய்க் கதவைத் தட்டினேன். தட்டிக்கொண்டே இருந்தேன். உள்ளே குழாய் நிற்கவில்லை.

எங்கள் வீட்டில் அந்தச் சத்தத்துக்கு என்ன அர்த்தம் என்று இந்த ஊரில் ஆயிரத்து நூற்று அறுபத்து நான்கு புத்தகங்களில் இன்னும் இருக்கிறது.