தூசி கேட்ட கேமராக்காரன்

அரியலூர் சாலையோர டீக்கடை வாசலில் கேமராவை நிறுத்தியிருக்கிறேன். சுண்ணாம்புக்கல் லாரிகள் கிளப்பும் தூசியில் மாலை வெயில் பொன்னாக மிதக்கிறது. விளக்கு வாடகைக்கு எடுக்க வசதியில்லாத சின்னப் படம். ஒளிப்பதிவாளனான எனக்கு இந்தத் தூசிதான் லைட்மேன். நாளை கேமராவைத் திருப்பித் தர வேண்டும். மிச்சமிருப்பது இந்த ஒரு காட்சிதான். நடிகரை நிற்க வைத்துவிட்டுத் திரும்பினால், டீக்கடை அக்கா குடத்தோடு வந்து ரோடு முழுக்கத் தண்ணீர் தெளித்து முடித்திருக்கிறார்.

"படம் சுத்தமா விழட்டும்னுதாங்க சார்."

"அந்தத் தூசிதாங்க்கா எனக்கு வேணும்."

அடுத்த லாரி ஈரத்தில் சாதுவாகக் கடந்து போகிறது. வெயிலும் இறங்குகிறது. அக்கா என்னை மேலும் கீழும் பார்க்கிறார்.

"நாள் பூரா கூட்டித் தள்றேன். முன்னாடியே சொல்லியிருந்தா சேத்து வெச்சிருப்பேன்ல."