சுவரில் இருந்த கொக்கு

அன்று அறையில் இருந்தவர்கள்: கட்டிலில் ஒஜிப்வே முதியவர், வெளியூரிலிருந்து அன்றுதான் வந்த அவருடைய மகள், மருத்துவர், தாதி சாந்தி அக்கா, துடைப்பமும் வாளியுமாக நான். இடம் சுவிட்சர்லாந்தின் ஓல்டனில் ஒரு முதியோர் இல்லம்.

ஒஜிப்வே மக்கள் கனடாவின் பூர்வகுடிகள். இவர் சுவிஸ் பெண்ணைக் கட்டி இங்கே வந்தவர். மூன்று வாரமாக வாய் திறக்கவில்லை. நினைவு போய்விட்டது, மறதி நோயாளிகளின் பூட்டிய பிரிவுக்கு மாற்றுவோம் என்றார் மருத்துவர். மகள் அழுதாள்.

எனக்கு அப்போதுதான் உறைத்தது. மூன்று வாரத்துக்கு முன்புதான் சுவரில் இருந்த கொக்குப் படத்தை நான் கழற்றினேன். தினமும் காலையில் அதைப் பார்த்து "அஜிஜாக்" என்று கத்துவார். பயப்படுகிறார் என்று நினைத்துவிட்டேன்.

"அக்கா, படத்தை எடுத்தது நான்தான். இவையிட்டைச் சொல்லுங்கோ."

எனக்கு ஜெர்மன் சரியாகப் பேச வராது. அக்கா அந்த மொழியில் சொன்னதும் மகள் துள்ளி எழுந்து ஏதோ சொன்னாள். அக்கா என் பக்கம் திரும்பினார்.

"விசரா! அஜிஜாக் எண்டால் கொக்காம். கொக்குதான் இவையின்ர குலமாம். சபையிலை எல்லாருக்காகவும் கதைக்கிறது கொக்குக் குலமாம். மனிசன் தன்ர சொந்தத்துக்கு வணக்கம் சொல்லியிருக்கு. ஓடிப்போய் எடுத்துக்கொண்டு வா!"

ஓடினேன். சாமான் அறையிலிருந்து படத்தைக் கொண்டுவந்து மாட்டினேன்.

அவர் பார்த்தார். எழுந்து உட்கார்ந்தார். நெஞ்சில் கை வைத்து, "அஜிஜாக்" என்று தொடங்கி அறை அதிரப் பேசினார். மருத்துவர் மாற்றல் படிவத்தில் எழுதாமல் பேனாவை மூடினார்.

இப்போதெல்லாம் கேட்காமல் எவர் சுவரையும் நான் தொடுவதில்லை.

மூன்று வாரத்துக்குப் பிறகு அன்று அவர் பேசிய சொற்களை மகள் விரல்விட்டு எண்ணினாள். பதினொன்று.