‘ஃப்ரம்’ என்ற ஒரு வார்த்தை

‘ஃப்ரம்’ என்ற இங்கிலீஷ் வார்த்தை மேல் எனக்குப் பழைய கோபம் உண்டு. பத்தாவது வரை தாம்பரத்தில் தமிழ் மீடியத்தில் படித்துவிட்டு, பதினொன்றில் இங்கிலீஷ் மீடியத்துக்கு மாறியவள் நான். “ஏழிலிருந்து நாலைக் கழி” என்றால் ஏழுதான் முதலில் வரும். காதில் விழுந்தபடியே எழுதிவிடலாம். இங்கிலீஷில் நாலை முதலில் சொல்லி, ஃப்ரம் போட்டு, ஏழு கடைசியில் வரும். அந்த ஒரு வார்த்தையால் முதல் டெஸ்ட்டில் வாங்கிய மார்க்கை நான் வீட்டில் காட்டவே இல்லை.

போன வருடம் அதே வார்த்தை மறுபடி எதிரே வந்து நின்றது. சிங்கப்பெருமாள் கோவில் ஊரில் என் கணவர் வேலை பார்த்த கம்பெனியில் ஆட்களைக் குறைத்துவிட்டார்கள். வீட்டில் வருமானம் இல்லை. தாம்பரத்தில் ஒரு தனியார் பள்ளிக்குக் கணக்கு டீச்சர் வேலை கேட்டுப் போனேன். எட்டாம் வகுப்பில் ஒரு பாடம் நடத்திக் காட்டச் சொன்னார்கள். பிரின்சிபால் கடைசி பெஞ்சில் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

செங்கல்பட்டு ரயிலில் ஒரு பெட்டியில் 7x + 3 பேர். காட்டாங்குளத்தூரில் 4x − 5 பேர் இறங்கினார்கள். மீதி எத்தனை பேர்? இங்கிலீஷில்தான் எழுதினேன். எதை எதிலிருந்து கழிப்பது என்பதையும் ஃப்ரம் போட்டே சொன்னேன். பாதி வகுப்பு −3x − 8 என்றது. இறங்கியவர்களிலிருந்து பெட்டியில் இருந்தவர்களைக் கழித்ததில், மீதி ஆட்கள் பூஜ்யத்துக்கும் கீழே! மீதிப் பாதி 3x − 2 என்றது. இன்னும் இரண்டு தடவை இங்கிலீஷிலேயே சொன்னேன். தலையை ஆட்டிவிட்டு அதையே எழுதினார்கள்.

எனக்குச் சுர்ரென்று ஏறியது. பிள்ளைகள் மேல் இல்லை.

“ஏம்ப்பா, முதல்ல பெட்டியில இருந்தது எவ்ளோ பேரு? அதுலேர்ந்துதானே கழிக்கணும்?”

“மேடம், இங்கிலீஷ் ஒன்லி ப்ளீஸ்,” என்றார் பிரின்சிபால்.

காதில் விழாதது போல இருந்தேன். “4x பேர் இறங்க எழுந்தாங்க. அதுல அஞ்சு பேர், ‘இது நம்ம ஸ்டேஷன் இல்ல’ன்னு திரும்ப உக்காந்துட்டாங்க. அந்த அஞ்சு பேர் எங்க?”

“உள்ளதான் மிஸ்!”

“அப்போ அந்த அஞ்சைக் கழிப்பீங்களா, கூட்டுவீங்களா?”

“கூட்டணும்!” முன் பெஞ்சுப் பெண் எழுந்தே கத்தினாள். “3x பிளஸ் 8!”

பிறகு பிரின்சிபால் தன் அறையில் ஒரு தாளை நீட்டினார். வகுப்பில் தமிழ் பேச மாட்டேன் என்று அதில் இங்கிலீஷில் அச்சடித்திருந்தது. “நல்லா நடத்துறீங்க மேடம். ஆனா பேரன்ட்ஸ் இங்கிலீஷுக்காகத்தான் இங்க சேர்க்கிறாங்க. சைன் பண்ணுங்க, திங்கட்கிழமை ஜாயின் பண்ணலாம்.”

“புரியலேன்னா என்ன சார் பண்றது?”

“ரிபீட் பண்ணுங்க.”

அந்த வேலை எனக்கு வேண்டும். பேனாவை எடுத்து, அச்சடித்த வரிக்குக் கீழே தமிழில் எழுதினேன்: “பிள்ளைகளுக்குப் புரியாத இடத்தில் பேசுவேன்.” அதன் கீழே கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன்.

அவர் படித்தார். தாளை இரண்டாக மடித்தார். “அப்போ கஷ்டம் மேடம்.”

வருத்தமே இல்லை என்று சொன்னால் பொய். வேறு வேலை கிடைக்கும் வரை நாலு மாதம் பட்ட பாடு எங்களுக்குத்தான் தெரியும். இருந்தாலும் அந்தத் தாளை இன்றைக்கு நீட்டினாலும் அதே வரியைத்தான் எழுதுவேன், இன்னும் கொஞ்சம் பெரிய எழுத்தில்.