கதவு மாறி ஒட்டிய நோட்டீஸ்

தொண்ணூறுகளின் தொடக்கம். சென்னீர்குப்பத்தில் வாடகைக்குக் குடியிருந்தோம். ஒரு நாள் காலை, ஆவடி குவார்ட்டர்ஸ் பிள்ளைகளின் யூனிஃபார்ம் தைத்துக்கொண்டிருந்தேன். வாசலில் இரண்டு பேர் வந்து நின்றார்கள். ஒருவரைத் தெரியும். தையல் மெஷினும் டி.வி.யும் வாங்க நான் கடன் வாங்கிய ஃபைனான்ஸிலிருந்து வசூலுக்கு வருகிறவர். இன்னொருவர் கோர்ட் உத்தரவை நிறைவேற்ற வரும் அமீனா.

"ஜப்தி ஆர்டர் கீதும்மா" என்றார் அமீனா.

கணவர் மஞ்சள் காமாலையில் படுத்திருந்த மாதங்களில் தவணை கட்டவில்லை, அது உண்மை. ஆனால் கேஸ் போட்டதோ, தீர்ப்பானதோ எனக்குத் தெரியவே தெரியாது. எதிர்வீட்டு அம்மா ஜன்னல் வழியாகப் பார்த்தது வேறு உயிரை வாங்கியது.

வசூல்காரர் நேராக மெஷினில் கை வைத்தார். அமீனா தடுத்தார். "அத்த வுடு. தொழில் பண்ற சாமான், எடுக்க சட்டத்துல இடமில்ல." பிறகு என்னைப் பார்த்து, "நோட்டீஸ் வந்தப்போ ஏம்மா கோர்ட்டுக்கு வரல?" என்றார்.

"எந்த நோட்டீஸுங்க?"

அவர் பேப்பரைப் புரட்டினார். அம்பத்தூரில் நாங்கள் எப்போதோ காலி செய்த வீட்டின் விலாசம் இருந்தது. அந்தக் கதவில்தான் ஒட்டியிருக்கிறார்கள். உள்ளே ஓடிப் போய் தவணை ரசீதுகளை எடுத்து வந்தேன். எல்லாவற்றிலும் வசூல்காரர் கையெழுத்தில் சென்னீர்குப்பம் விலாசம்.

அமீனா அவரை நிமிர்ந்து பார்த்தார். "வசூலுக்கும் ஜப்திக்கும் இந்த ஊடு தெரியுது. நோட்டீசுக்கு மட்டும் தெரியலையா?"

வசூல்காரர் செருப்பை மாட்டிக்கொண்டு வாசலை விட்டு இறங்கினார்.

டி.வி.யை விட்டுவிட்டுப் போகத் தனக்கு அதிகாரமில்லை என்று சொல்லி, அதை மட்டும் எழுதி எடுத்துக்கொண்டார் அமீனா. கிளம்பும்போது, "கோர்ட்ல இலவச சட்ட உதவி கீது. ரசீது, ரேஷன் கார்டு எல்லாம் எட்துகினு இன்னிக்கே போங்க. நாள் கடத்தாதீங்க" என்றார். டீ போடுகிறேன் என்றேன். வேண்டாமென்று நடந்துவிட்டார்.

தையலைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டு பூந்தமல்லி கோர்ட்டுக்கு ஓடினேன். சட்ட உதவி வக்கீல் எனக்காக மனு போட்டார். சில வாரங்களில் நீதிபதி என்னைக் கூப்பிட்டு, நான் சொன்னதை முழுக்கக் கேட்டார். பழைய தீர்ப்பை ரத்து செய்து, வழக்கை முதலிலிருந்து விசாரித்தார். நான் கட்டியும் ஃபைனான்ஸ்காரர்கள் கணக்கில் சேர்க்காமல் விட்ட தவணைகள் கழிந்தன. மீதியை மாதாமாதம் கட்டி முடித்தேன். டி.வி.யும் திரும்பி வந்தது, ஒரு குமிழ் உடைந்து.

அந்த அமீனாவின் பேரைக்கூட நான் கேட்டுக்கொள்ளவில்லை. எனக்காக அவர் சட்டத்தை வளைக்கவில்லை, கடனைத் தள்ளச் சொல்லவும் இல்லை. கடன்பட்டவளுக்கும் சொல்ல ஒரு நியாயம் இருக்கலாம் என்று நினைத்து ஒரு வார்த்தை கேட்டார். அதனால்தான் தலை குனியாமல் என் கடனை அடைக்க முடிந்தது என்று இன்றும் அவரை நன்றியோடு நினைத்துக்கொள்கிறேன்.