மூன்று பெட்டியில் ஓடுவது யார்?

இன்று மலேசியாவின் மாசாய் ஊரில், ஓர் ஒட்டுக்கடையில் டீயோடு உட்கார்ந்து, எங்கள் உறுமி மேளக் குழுவின் மூன்று வீடியோக்களையும் ஒரே திரையில் மூன்று பெட்டிகளாக அருகருகே ஒட்டினேன். சாஃப்ட்வேர் இலவசம்.

ஷிப்ட் வேலையால் ஒன்றுகூட முடியவில்லை. அதனால் மூவரும் தாளம் காட்டும் ஒரே டிக் டிக் சத்தத்தைக் காதில் வைத்து, அவரவர் வீட்டில் வாசித்துப் பதிவு செய்திருந்தோம்.

குழுத் தலைவர் ரவி அண்ணன் நேற்றே சொல்லிவிட்டார். "நீதான்டா தாளத்தை முந்தி ஓடுற. திருவிழாவுக்கு வேற ஆளு பாக்கப் போறேன்."

ஓடுவது நான்தானா? எனக்கு நிஜமாகவே தெரிய வேண்டும்.

முதல் அடியை மூன்றிலும் ஒரே இடத்துக்குக் கொண்டுவந்து ஓடவிட்டேன். நானும் குழுவின் மூன்றாமவன் சுரேஷும் ஒன்றாக முடித்தோம். அண்ணனோ அதற்குள் உறுமியைக் கீழே வைத்துவிட்டுத் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார்.

அவரையே கடைக்கு வரச்சொல்லிக் காட்டினேன். திரும்பத் திரும்பப் பார்த்தார்.

"அலமாக்! ஃப்ரீ சாஃப்ட்வேர்தானே? அதான்டா தப்பா காட்டுது."

"அப்ப திருவிழாவுக்கு நான் வரலாமாண்ணே?"

"வா லா. ஆனா கொஞ்சம் வேகமா வாசி."

காசு கொடுத்து சாஃப்ட்வேர் வாங்கியவர்கள் யாராவது இருக்கிறீர்களா? அதிலாவது அண்ணன் மெதுவாக வாசிக்கிறாரா என்று பார்க்க வேண்டும்.