ருஷ்ய டாக்டரின் குரல்

என் மாமாவுக்குப் பூனைக்கண். தோலும் சுண்ணாம்பு அடித்த சுவர் மாதிரி வெளேரென்று இருக்கும். அம்மாவின் பிறந்த வீட்டில் மற்ற அத்தனை பேரும் கருப்பு. இவர் மட்டும் எப்படி இப்படி என்று எங்கள் புதுக்கோட்டைத் திருக்கோகர்ணத்தில் கேட்காத வாய் கிடையாது. அந்த நிறம்தான் சென்னையில் அவருக்குச் சோறு போட்டது. சினிமாவில் வெள்ளைக்காரக் கலெக்டர் வேண்டுமா, கப்பல் கேப்டன் வேண்டுமா, அரபு ஷேக் வேண்டுமா, கூப்பிடு இவரை. வருவார், முறைப்பார், கதாநாயகனிடம் உதை வாங்கிக்கொண்டு போவார். பாஸ்போர்ட்டே எடுக்காமல் ஊர்ப்பட்ட நாட்டுக்காரனாக வாழ்ந்த மனுஷர். வசனம் மட்டும் ஒரு படத்திலும் கிடைத்ததில்லை.

ஊரில் பிள்ளைகளோடு தனியாகக் கிடந்த அத்தைக்குப் பொறுமை போய்விட்டது. வசனம் பேசுகிற நடிகனானால் குடும்பத்தைச் சென்னைக்குக் கூட்டிப்போவது, இல்லாவிட்டால் திரும்பி வந்து அத்தையின் அண்ணன் நடத்தும் மோட்டார் ரிப்பேர் கடையில் உட்காருவது என்று இருவரும் பேசி முடித்திருந்தார்கள். அப்போதுதான் அந்த ருஷ்ய டாக்டர் வேஷம் வந்தது. கதாநாயகனின் தாயாருக்கு ஆபரேஷன் செய்துவிட்டு வெளியே வந்து நாலு வரி பேச வேண்டும். பேசி முடித்ததும் டைரக்டர் தோளில் தட்டினார் என்று மாமா போனில் சொன்னார். அத்தை மறுநாளே பிள்ளைகளின் டி.சி.க்கு ஸ்கூலில் விசாரித்துவிட்டு வந்தாள்.

படம் வெளியான அன்று மாமாவும் ஊருக்கு வந்திருந்தார். எங்கள் ஆட்கள் காதுகுத்துக்கே தெருவை அடைத்து ஃப்ளெக்ஸ் வைக்கிறவர்கள், இதற்கு விடுவார்களா? தியேட்டர் வாசலில் கதாநாயகனைவிடப் பெரிதாக, கழுத்தில் ஸ்டெதாஸ்கோப்போடு மாமா சிரித்தார். கீழே கொட்டை எழுத்தில் 'மண்ணின் மைந்தன் பேசுகிறார்'. வெடி வேறு. உள்ளே வரிசை வரிசையாக எங்கள் சனம்தான்.

இடைவேளைக்குப் பிறகு ஆபரேஷன் அறைக் கதவு திறந்தது. விசில் பறந்தது. அத்தை என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். திரையில் மாமா முகக்கவசத்தை இறக்கினார், வாயைத் திறந்தார்.

"நான் உங்கல் அம்மாவே காப்பாத்திட்டான்" என்றது எவனுடைய குரலோ.

வெள்ளைக்காரன் தமிழ் பேசினால் இப்படித்தான் இருக்கும் என்று சினிமாக்காரர்கள் முடிவுகட்டி வைத்திருக்கிறார்களே, அந்த ராகம். உதடு மாமாவுடையது, சத்தம் வேறு யாருடையதோ. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பேய் பிடித்தவர்கள்தான் இப்படி வேறு குரலில் பேசுவார்கள் என்று கேள்விப்பட்டிருந்தேன். விசிலடித்த வாய்கள் அப்படியே நின்றுவிட்டன.

"இது என் தம்பி கொரலே இல்லையே" என்றாள் அம்மா, தியேட்டர் முழுக்கக் கேட்கும்படி.

மாமாவின் முகத்தில் ஈயாடவில்லை. டப்பிங்குக்குக் கூப்பிடுவார்கள் என்று காத்திருந்தவருக்கு, வேறு ஆளை வைத்து முடித்துவிட்டது அந்த நாற்காலியில் உட்கார்ந்துதான் தெரிந்தது. வெளியே வந்து கம்பெனி மானேஜருக்குப் போன் போட்டார். புதுக்கோட்டைப் பேச்சைக் கேட்டால் ருஷ்யாக்காரன் என்று எவன் நம்புவான் என்று கேட்டாராம் அவர். படம் முடிவதற்குள் அப்பா போய் ஃப்ளெக்ஸை இறக்கச் சொல்லிவிட்டார். இழவு வீட்டுக்குப் போய்வந்தவர்கள் மாதிரி ஆட்டோக்களில் திரும்பினோம்.

மறுநாள் காலை மாமா வீட்டில் எல்லோரும் இட்லி தின்றுகொண்டிருந்தோம். அத்தை தயங்கித் தயங்கிக் கேட்டாள்.

"என்னங்க, கடைக்கு வாரீங்களான்னு அண்ணன் கேட்டு விட்டுருக்கு. என்ன சொல்லட்டும்?"

மாமா தட்டிலிருந்து நிமிர்ந்தார். "நான் நாலைக்கே மெட்ராஸ் போகுது. நீ கவலே படாதே" என்றார். அதே குரல், அதே ராகம், இம்மிகூடப் பிசகவில்லை.

எனக்கும் அவர் பிள்ளைகளுக்கும் சிரிப்பென்றால் அப்படிச் சிரிப்பு. இன்னொரு தடவை, இன்னொரு தடவை என்று கெஞ்சினோம். அவரும் சளைக்காமல் சட்னி கேட்டார், தண்ணீர் கேட்டார், எல்லாம் ருஷ்யத் தமிழில். நேற்றைய வருத்தம் போய் மாமா விளையாட ஆரம்பித்துவிட்டார் என்றுதான் நினைத்தேன். அடுத்த படத்தில் வேறு ஆளைத் தேட விடக்கூடாது என்று அவர் பழகிக்கொண்டிருந்தது அப்போது என் மண்டையில் ஏறவில்லை.

அத்தை மட்டும் சிரிக்கவில்லை. இட்லிச் சட்டியை அப்படியே வைத்துவிட்டு அவர் முன்னால் வந்து உட்கார்ந்தாள்.

"ஒரே ஒரு வார்த்தை நம்ம பேச்சுல சொல்லுங்க."

அதற்கும் மாமா அந்தக் குரலிலேயே பதில் சொன்னார். நாங்கள் உருண்டு புரண்டு சிரித்தோம். இவ்வளவு வேடிக்கைக்கு நடுவில் அத்தை எதற்கு அழுதாள் என்று எனக்கு விளங்கவே இல்லை.